மிளகுக்கு எத்தனை வாசல்?

கட்டப்பனையிலோ நெடுங்கண்டத்திலோ மலைச்சரக்குக் கடையில் நல்லமிளகு விலை கிலோவுக்குப் பத்து இருபது இறங்கினால், கடைக்காரர் சொல்லும் காரணம் பெரும்பாலும் ஒன்றுதான்: "வெளிநாட்டுச் சரக்கு இறங்கிருச்சுண்ணே." எந்த நாடு என்றால் வியட்நாம். எந்த ஒப்பந்தம் என்றால் ஆசியான், அதாவது வியட்நாமும் இருக்கிற தென்கிழக்காசிய நாடுகளின் கூட்டமைப்போடு இந்தியா போட்டது. இடுக்கி மலையில் தமிழ் பேசும் விவசாயியும் மலையாளம் பேசும் விவசாயியும் ஒத்துக்கொள்கிற விஷயங்களில் இதுவும் ஒன்று.

வெளிநாட்டுச் சரக்கு வருவது உண்மை. வியட்நாமில் விளைவதும் உண்மை. ஆனால் ஆசியான் ஒப்பந்தம்தான் மிளகைச் சாய்த்தது என்பது பெரும்பாலும் தவறான கணக்கு. எந்த வாசல் வழியாகச் சரக்கு வந்தது என்று பார்க்காமல் கோபத்தை வேறொரு வாசலில் கொட்டிவிட்டோம். இதை விளக்க வேண்டுமானால், பிராந்திய வர்த்தக ஒப்பந்தம் என்பது எப்படி வேலை செய்கிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

உலக வர்த்தகத்துக்கு ஒரு அடிப்படை விதி உண்டு. ஒரு நாட்டுக்குக் கொடுக்கும் வரிச்சலுகையை மற்ற உறுப்பு நாடுகள் எல்லாவற்றுக்கும் கொடுக்க வேண்டும். 1947-ல் கையெழுத்தான காட் என்ற பொது வர்த்தக ஒப்பந்தத்தின் முதல் பிரிவே இதுதான். பிறகு 1995-ல் வந்த உலக வர்த்தக அமைப்பும் இதையே எடுத்துக்கொண்டது. ஆனால் அதே காட் ஒப்பந்தத்தின் 24-வது பிரிவு ஒரு விலக்கையும் கொடுத்தது: சில நாடுகள் தங்களுக்குள் பெரும்பாலான பொருட்களுக்கு வரியை நீக்கிக்கொள்ளலாம், வெளி ஆட்களுக்கு மட்டும் முன்பிருந்ததைவிட வரியைக் கூட்டக் கூடாது. வளரும் நாடுகளுக்கு 1979-ல் இன்னும் கொஞ்சம் தளர்வு கிடைத்தது. விலக்காக வந்தது இன்று வழக்கமாகிவிட்டது. உலகில் இப்போது 350-க்கும் மேற்பட்ட பிராந்திய ஒப்பந்தங்கள் நடைமுறையில் இருக்கின்றன. 2001-ல் தொடங்கிய தோஹா பேச்சுவார்த்தை விவசாயத்தில் முட்டி நின்றுபோனதும், எல்லோரும் சேர்ந்து உட்கார்ந்து பேசுவதைவிட நாலைந்து பேர் தனியாகப் பேசிக்கொள்வது எளிது என்று நாடுகள் முடிவு செய்துவிட்டன.

இப்படிப்பட்ட ஒப்பந்தம் உலக வர்த்தகத்தைக் கூட்டுகிறதா, வெறுமனே இடம் மாற்றுகிறதா? 1950-ல் ஜேக்கப் வைனர் என்ற பொருளியலாளர் எழுப்பிய இந்தக் கேள்விக்குத்தான் இன்றும் ஒவ்வொரு ஒப்பந்தமும் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. உள்நாட்டில் அதிகச் செலவில் செய்த பொருளுக்குப் பதிலாகக் கூட்டாளி நாட்டிலிருந்து குறைந்த செலவில் வந்தால் அது புது வர்த்தகம். அதுவரை மலிவாக விற்ற மூன்றாவது நாட்டை விட்டுவிட்டு, வரிச்சலுகை இருக்கிறது என்பதற்காக மட்டுமே கூட்டாளியிடம் வாங்கினால் அது திசைமாறிய வர்த்தகம். வாங்குகிற நாட்டின் அரசு வரி வருமானத்தை இழக்கும், சரக்கின் அசல் விலையும் கூடும், லாபம் கூட்டாளி நாட்டுக்கு.

வைனர் சொன்ன இந்த இரண்டையும் தாண்டி மூன்றாவதாக ஒன்று உண்டு. இடுக்கியின் மிளகு விவசாயிக்கு அதுதான் முக்கியம். மூன்றாவது நாட்டின் சரக்கே கூட்டாளி நாட்டின் பெயரைப் போட்டுக்கொண்டு உள்ளே வருவது.

இந்தியாவுக்குள் மிளகு வர பொதுவான இறக்குமதி வரி 70 சதவீதம். ஆசியான் நாடுகளோடு 2009 ஆகஸ்ட் 13-ல் பாங்காக்கில் கையெழுத்தாகி 2010 ஜனவரி 1-ல் நடைமுறைக்கு வந்த ஒப்பந்தத்தில் மிளகு, தேயிலை, காப்பி, பாமாயில் ஆகியவை தனிப் பட்டியலில் வைக்கப்பட்டன. அவற்றுக்கு வரி பூஜ்யம் ஆகவில்லை. மிளகுக்கு 70-லிருந்து படிப்படியாக இறங்கி 2019 கடைசியில் 50 சதவீதத்தில் நின்றது. தேயிலைக்கும் காப்பிக்கும் 45.

இலங்கையோடு இருப்பது வேறு கதை. 1998 டிசம்பரில் கையெழுத்தாகி 2000 மார்ச்சில் நடைமுறைக்கு வந்த இந்திய–இலங்கைத் தடையற்ற வர்த்தக ஒப்பந்தத்தின் கீழ் ஆண்டுக்கு 2,500 டன் இலங்கை மிளகுக்கு வரியே கிடையாது. அதற்கு மேல் வருகிற சரக்குக்குத் தெற்காசிய நாடுகளின் சாப்டா ஒப்பந்தத்தின் கீழ் 8 சதவீதம்.

இனி கணக்கைப் பாருங்கள். வியட்நாமில் மிளகு கிலோ 250 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். ஆசியான் வாசல் வழியாக 50 சதவீதம் கட்டி வந்தால் அடக்கம் 375 ரூபாய். அதே மிளகு கொழும்பில் இறங்கி, மூட்டை மாற்றி, இலங்கை விளைச்சல் என்ற சான்றிதழோடு வந்தால் 8 சதவீத வரியில் 270 ரூபாய். கிலோவுக்கு 105 ரூபாய் வித்தியாசம், டன்னுக்கு ஒரு லட்சத்து ஐயாயிரம். வரியில்லா ஒதுக்கீட்டுக்குள் புகுந்துவிட்டால் கிலோவுக்கு 125 ரூபாய் மிச்சம். 2,500 டன்னையும் இப்படிக் கொண்டுவந்தால் அந்த விலையில் 31 கோடி ரூபாய்க்கு மேல். கப்பல் கூலி, கொழும்பு கிட்டங்கிச் செலவு எல்லாம் போனாலும் இதை விட்டுவைக்க எந்த வியாபாரிக்கு மனசு வரும்?

இதற்குத் தடையாக ஒப்பந்தத்தில் இருப்பது 'பிறப்பிட விதி'. மிளகு போன்ற விளைபொருள் முழுக்க அந்த நாட்டிலேயே விளைந்திருக்க வேண்டும். தொழிற்சாலைப் பொருளாக இருந்தால் இலங்கை ஒப்பந்தத்தில் 35 சதவீத மதிப்பு அங்கே சேர்ந்திருக்க வேண்டும், சுங்கப் பட்டியலில் பொருளின் வகையும் மாறியிருக்க வேண்டும். காகிதத்தில் நல்ல விதிதான். ஆனால் காய்ந்த மிளகின் முகத்தில் ஊர்ப்பெயர் எழுதியிருக்காது. சந்தையில் மிளகைச் சோதிக்கும் முறை என்ன? கையில் அள்ளி ஈரம் பார்ப்பார்கள், பொக்கு எவ்வளவு என்று பார்ப்பார்கள், லிட்டர் படியில் அளந்து 500 கிராம் நிற்கிறதா 550 நிற்கிறதா என்று எடை போடுவார்கள். இவை தரத்தைச் சொல்லும். எந்த மண்ணில் விளைந்தது என்று சொல்லாது. அதற்கு ஒரே ஆதாரம் ஏற்றுமதி செய்யும் நாட்டு அதிகாரி கொடுத்த சான்றிதழ்தான்.

இதில் இலங்கை விவசாயியும் அடிபடுகிறார் என்பதைச் சொல்லாமல் விடக் கூடாது. மாத்தளை, கண்டிப் பக்கத்து மிளகு காரம் அதிகம். சாறு எடுக்கும் ஆலைகள் அதைத் தேடி வாங்கும். அந்தப் பெயரில் வேறு மிளகு போனால் அவருடைய ஒதுக்கீட்டை வேறு யாரோ தின்கிறார்கள், அவருடைய சரக்கின் பெயரும் கெடுகிறது.

இந்தக் குறுக்குவழிக்கு முன்மாதிரி இரண்டாயிரங்களின் தொடக்கத்திலேயே இருந்தது. அப்போது இந்தியாவில் பாமாயிலுக்கு இறக்குமதி வரி மிக அதிகம், இலங்கையில் குறைவு. உடனே இலங்கையில் வனஸ்பதி ஆலைகள் முளைத்தன. மலேசியாவிலும் இந்தோனேசியாவிலும் இருந்து பாமாயிலை வாங்கி, அங்கே வனஸ்பதியாக்கி, வரியில்லாமல் இந்தியாவுக்கு அனுப்பின. அந்த ஆலைகளில் பல இந்திய முதலீட்டில் வந்தவை. இங்குள்ள ஆலைகள் கூச்சல் போட, இந்தியா அளவு வரம்பு விதித்தது. அப்புறம் அந்த ஆலைகள் ஒவ்வொன்றாக மூடின, அங்கே வேலைக்குப் போனவர்கள் வீட்டுக்குத் திரும்பினார்கள். இரண்டு நாடுகளின் வரி வித்தியாசத்தை மட்டும் நம்பி எழும் தொழில் அந்த வித்தியாசம் இருக்கும் வரைதான் நிற்கும்.

மிளகுக்கு வருவோம். 2014 முதல் 2016 வரை கொச்சியில் கிலோ 700 ரூபாய் அளவில் நின்ற மிளகு, 2019-ல் பாதி விலைக்கு வந்துவிட்டது. இடையில் 2017 டிசம்பரில் மத்திய அரசு, கிலோ 500 ரூபாய்க்குக் குறைந்த விலையில் மிளகு இறக்குமதி செய்யக் கூடாது என்று குறைந்தபட்ச இறக்குமதி விலை நிர்ணயித்தது. மலையில் பட்டாசு வெடிக்காத குறைதான். ஆனாலும் விலை ஏறவில்லை. ஏன்?

மறுபடியும் கணக்குதான். 250 ரூபாய்ச் சரக்குக்கு 500 ரூபாய் என்று பில் போட்டால் போதும், தடை பொருந்தாது. கூடுதலாக அனுப்பிய பணத்தை வேறு வழியில் திருப்பி வாங்கிக்கொள்ளலாம். ஆசியான் வாசலில் இதைச் செய்தால், கடைசியில் வந்த 50 சதவீதத்தையே வைத்துப் பார்த்தாலும் 500 ரூபாய்க்கு 250 ரூபாய் வரி. கட்டுப்படியாகாது. 8 சதவீத வாசலில் செய்தால் வரி 40 ரூபாய், அடக்கம் 290-தான். ஒதுக்கீட்டுக்குள் என்றால் பில்லில் என்ன விலை போட்டாலும் வரி பூஜ்யம். ஆக, அந்த உத்தரவு ஏற்கெனவே பாதி சாத்தியிருந்த முன்வாசலை இறுகப் பூட்டியது, பக்கவாசலை அப்படியே விட்டது. நல்ல நோக்கத்தோடு வந்த உத்தரவு என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. வாசல்களை எண்ணாமல் போட்ட பூட்டு அது.

விலை சரிந்ததற்கு ஒப்பந்தமே முழுக் காரணமும் அல்ல. வியட்நாமின் மிளகு விளைச்சல் 2 லட்சம் டன்னைத் தாண்டியது. அப்போது இந்தியா முழுக்க விளைந்தது அதில் மூன்றில் ஒரு பங்கு அளவுதான். அவ்வளவு மிளகு உலகச் சந்தையில் கொட்டினால் எல்லா இடத்திலும் விலை இறங்கும். எல்லை வாசலை எவ்வளவு சாத்தினாலும் ஏற்றுமதி வாய்ப்பு குறைந்துவிடும். உள்நாட்டுத் தேவை ஒன்றுதான் தாங்கும்.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. கொச்சியைச் சுற்றி மசாலாச் சாறு எடுக்கும் ஓலியோரெசின் ஆலைகள் இருக்கின்றன, உலக அளவில் பெரிய தொழில். இவர்கள் மிளகை இறக்குமதி செய்து, சாறாக்கி, திரும்ப ஏற்றுமதி செய்கிறார்கள். அதற்கு வரிவிலக்கு உண்டு. இந்தச் சரக்கு சரியாக வெளியே போனால் இடுக்கி விவசாயிக்கு நட்டமில்லை, கேரளத்தில் ஆயிரக்கணக்கானோருக்கு வேலையும் கிடைக்கிறது. இறக்குமதி மிளகு என்றாலே எதிரி என்று பேசுவது இவர்களையும் சேர்த்து அடிப்பது. வெளியே போக வேண்டிய சரக்கு உள்சந்தையில் கசிகிறதா என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி.

ஆசியான் ஒப்பந்தத்துக்கு எதிராக 2009 அக்டோபர் 2-ல் காசர்கோட்டிலிருந்து திருவனந்தபுரம் வரை மனிதச் சங்கிலி நின்றது. அன்றைய இடதுசாரி முன்னணி நடத்தியது. அந்தப் பயம் வீண் பயம் என்று நான் சொல்ல மாட்டேன். மிளகும் தேயிலையும் பூஜ்ய வரிப் பட்டியலுக்குப் போகாமல் தனிப் பட்டியலில் இருந்ததற்குப் பின்னால், இப்படி விவசாயிகள் தொடர்ந்து போட்ட சத்தமும் இருந்தது. ஆனால் ஒப்பந்தம் வந்த பிறகு நடந்தவற்றைப் பொருள் பொருளாகப் பார்த்தவர்கள் குறைவு.

ரப்பரை எடுத்துக்கொள்ளுங்கள். இயற்கை ரப்பர் ஆசியான் ஒப்பந்தத்தின் விலக்குப் பட்டியலில் இருந்தது, சலுகையே கொடுக்கவில்லை. ஆனால் 2011-ல் கிலோ 240 ரூபாய் தொட்ட ரப்பர் 2016 தொடக்கத்தில் 100-க்கும் கீழே போனது. கச்சா எண்ணெய் மலிந்ததும், சீனாவின் தேவை தளர்ந்ததும், தென்கிழக்காசியாவில் புதிதாக நட்ட மரங்கள் பால் வெட்டுக்கு வந்ததும்தான் காரணம். ஒப்பந்தம் வேறு வழியில் நுழைந்தது: ரப்பரோடு மற்றப் பொருட்களைக் கலந்த 'காம்பவுண்ட் ரப்பர்' வேறு சுங்க வகையில் குறைந்த வரிக்கு வந்தது. 2023 பட்ஜெட்டில்தான் அதன் பொது வரி 10-லிருந்து, இயற்கை ரப்பருக்கு இருப்பதுபோல் 25 சதவீதம் அல்லது கிலோவுக்கு 30 ரூபாய், இதில் எது குறைவோ அது என்று உயர்ந்தது. அதுகூட ஒப்பந்தச் சலுகையோடு வருகிற சரக்கைத் தொடாது.

பாமாயில் விஷயம் எல்லையோரத்துக்காரர்களுக்கு நன்றாகப் புரியும். தேங்காய் விவசாயியைக் காக்க 2007-ல் கொச்சித் துறைமுகம் வழியாகப் பாமாயில் இறக்குமதி கூடாது என்று தடை வந்தது. பிறகு அது கேரளத்தின் எல்லாத் துறைமுகங்களுக்கும் விரிந்தது. கப்பல்கள் தூத்துக்குடிக்கும் மங்களூருக்கும் போயின. எண்ணெய் டேங்கர் லாரியில் ஏறிச் சோதனைச் சாவடி தாண்டி வந்துவிட்டது. கொச்சித் துறைமுகத் தொழிலாளிக்கு வேலை போனதுதான் மிச்சம். உலக அளவில் வர்த்தகம் திசைமாறுவது என்கிறார்களே, அதன் சிறு வடிவம் இது. தவிரவும், கச்சா பாமாயில் வரியை 2008-ல் பூஜ்யமாக்கியது எந்த ஒப்பந்தமும் அல்ல, விலைவாசியைக் குறைக்க மத்திய அரசே எடுத்த முடிவு. ஒப்பந்தம் வரிக்கு உச்சவரம்புதான் போடுகிறது. அதற்குக் கீழே எவ்வளவு இறக்குவது என்பது தில்லியின் கையில்.

மற்ற நாடுகளிலும் இந்த இழுபறிதான். அமெரிக்கா, கனடா, மெக்சிகோ மூன்றும் சேர்ந்து 1994-ல் தொடங்கிய நாப்டா ஒப்பந்தத்தால் மெக்சிகோவின் வடக்கே கார் உதிரிபாகத் தொழில் பெருகியது. ஒரே காரின் பாகங்கள் எல்லையைப் பலமுறை தாண்டும் அளவுக்கு. அதே ஒப்பந்தத்தில், அரசு மானியத்தோடு விளைந்த அமெரிக்க மக்காச்சோளம் இறங்கி மெக்சிகோவின் சிறு மக்காச்சோள விவசாயி திணறினார். ஒரே நாடு, ஒரே ஒப்பந்தம், இரண்டு ஊர்களில் இரண்டு விதமான விளைவு. ஐரோப்பிய ஒன்றிய நாடுகளின் வர்த்தகத்தில் பாதிக்கு மேல் தங்களுக்குள்ளேயே நடக்கிறது. ஆனால் அங்கே பிறப்பிடத் தகராறு உள்ளுக்குள் எழுவதில்லை. காரணம், வெளியாருக்கு எல்லா உறுப்பு நாடுகளும் ஒரே வரிதான் போடுகின்றன. எந்தத் துறைமுகத்தில் இறக்கினாலும் ஒரே கணக்கு என்றால் சுற்றி வர வேண்டிய அவசியமே இல்லை. இந்தியா போட்டிருப்பவை அப்படிப்பட்ட சுங்க ஒன்றியங்கள் அல்ல. ஒவ்வொரு கூட்டாளியும் வெளியாருக்குத் தனித்தனி வரி வைத்திருக்கிறார், அதனால் ஒவ்வொரு புது ஒப்பந்தமும் ஒரு புது வாசல்.

2019 நவம்பர் 4-ல் இந்தியா, ஆசியான் நாடுகளும் சீனா, ஜப்பான் போன்றவையும் சேர்ந்த ஆர்செப் ஒப்பந்தப் பேச்சிலிருந்து விலகியது. அந்த ஒப்பந்தம் இந்தியா இல்லாமலேயே 15 நாடுகளோடு 2020-ல் கையெழுத்தாகி 2022 ஜனவரியில் தொடங்கியது. உலக மக்கள்தொகையிலும் உற்பத்தியிலும் சுமார் 30 சதவீதம் அதற்குள். இடுக்கியில் அந்த விலகலைக் கொண்டாடினார்கள். பால், மிளகு, ரப்பர் மூன்றையும் நினைத்தால் எனக்கும் அது சரியான முடிவாகவே படுகிறது. ஆனாலும் வெளியே நிற்பதற்கும் விலை உண்டு. அந்த 15 நாடுகளுக்குள் ஒருவருக்கொருவர் வரி குறையக் குறைய, அங்கே விற்கப்போகும் இந்தியச் சரக்கு வெளியாளின் வரியைக் கட்ட வேண்டும். வைனர் சொன்ன திசைமாற்றம் அப்போது நம் பக்கம் திரும்பும்.

ஏலக்காயில் ஒப்பந்தத்தின் எல்லை இன்னும் தெளிவாகத் தெரியும். புற்றடியிலும் போடிநாயக்கனூரிலும் நடக்கும் ஈ-ஏலத்தில் எட்டு எம்எம் காய்க்கு விலை கூடுவதும் குறைவதும் வளைகுடா வாங்குகிறதா என்பதைப் பொறுத்தது. போட்டி குவாத்தமாலா. 1914 வாக்கில் ஒரு ஜெர்மானியர் அங்கே கொண்டுபோன செடி இன்று உலகின் மிகப் பெரிய ஏற்றுமதிக்காரராக அந்த நாட்டை ஆக்கிவிட்டது. ஐக்கிய அரபு அமீரகத்தோடு 2022 மே 1 முதல் நமக்கு ஒப்பந்தம் இருக்கிறது. ஆனால் வளைகுடா நாடுகள் 2003 முதல் வைத்திருக்கும் பொதுச் சுங்க வரியே பெரும்பாலான பொருட்களுக்கு 5 சதவீதம்தான். அதில் கிடைக்கும் சலுகை எவ்வளவு இருந்துவிடும்? அங்கே கதவைத் திறப்பதும் சாத்துவதும் பூச்சிமருந்து எச்சப் பரிசோதனை. எச்ச அளவு தாண்டினால் பூஜ்ய வரியும் உதவாது. ஒப்பந்தம் போடுகிற அமைச்சகம் வரியைப் பேசி முடித்த பிறகு, வண்டன்மேட்டில் எந்த மருந்தை எப்போது நிறுத்த வேண்டும் என்று சொல்ல ஆள் வேண்டும். அந்த ஆட்கள் போதுமான அளவு இல்லை.

இந்த விவாதங்களில் யாரும் பேசாத ஒரு கூட்டம் இருக்கிறது. காலையில் கம்பம், கூடலூர், போடிப் பக்கமிருந்து ஜீப்பில் நெருக்கியடித்துக்கொண்டு கம்பம்மெட்டு, குமுளி, போடிமெட்டு வழியாக மலையேறும் பெண்கள். கூலி ஒரு மாநிலத்தில், ரேஷன் அட்டையும் ஓட்டும் இன்னொரு மாநிலத்தில். விலை சரிந்தால் தோட்டக்காரர் முதலில் குறைப்பது களையெடுப்பும் உரம் வைப்பதும், அதாவது இவர்களுடைய வேலைநாள். மிளகு பறிப்பில் ஒற்றை மூங்கில் ஏணியில் ஏறும் ஆணுக்கும் அதே கதி. விலை விழுந்த ஆண்டில் விவசாயிக்காகப் பேச ரப்பர் வாரியமும் ஸ்பைசஸ் வாரியமும் கட்சிகளும் உண்டு. ஜீப்பில் வருகிறவருக்கு இழப்பு நேர்ந்ததாக எந்தக் கணக்கிலும் பதிவாவதில்லை. நாப்டா காலத்தில் அமெரிக்கா, இறக்குமதியால் வேலை இழந்தவர்களுக்கென்று தனி உதவித் திட்டம் வைத்திருந்தது. அது போதவில்லை என்ற விமர்சனம் உண்டு, ஆனால் திட்டமாவது இருந்தது. நம் ஒப்பந்தங்கள் எதனோடும் அப்படி ஒன்று சேர்ந்து வரவில்லை.

பிறப்பிடம் குறித்து நடந்த உருப்படியான மாற்றம் 2020 செப்டம்பர் 21-ல் நடைமுறைக்கு வந்த சுங்க விதிகள். சலுகை கேட்கும் இறக்குமதியாளர் சான்றிதழை நீட்டினால் மட்டும் போதாது, சரக்கு எங்கே எப்படி உருவானது என்ற விவரத்தையும் கையில் வைத்திருக்க வேண்டும் என்று அவை சொல்கின்றன. சந்தேகம் வந்தால் சுங்க அதிகாரி சலுகையை நிறுத்திவைத்து, அனுப்பிய நாட்டிடம் விசாரிக்கலாம். மிளகுக்கு இது எவ்வளவு கடுமையாகப் பயன்படுகிறது என்பதுதான் இனி விவசாயச் சங்கங்கள் விடாமல் கேட்க வேண்டியது. இலங்கையின் மொத்த விளைச்சல் எவ்வளவு, அந்நாடு உலகம் முழுக்க ஏற்றுமதி செய்தது எவ்வளவு, வியட்நாமிலிருந்து கொழும்பில் இறங்கியது எவ்வளவு, இந்தியாவுக்குள் இலங்கைச் சான்றிதழோடு வந்தது எவ்வளவு: இந்த நான்கு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் எத்தனை மூட்டை பெயர் மாறி வந்தது என்று ஓரளவு பிடித்துவிடலாம். எல்லாமே இரண்டு நாடுகளின் அரசு அலுவலகங்களிலும் துறைமுகங்களிலும் பதிவாகிற எண்கள். அவற்றை மாதாமாதம், துறைமுகம் வாரியாக, தமிழிலும் மலையாளத்திலும் வெளியிடச் சொல்லிக் கேட்கலாம். ஆசியான் ஒப்பந்தத்தைத் திருத்தும் பேச்சு சில ஆண்டுகளாக நடந்துவருகிறது. அதில் வரி விகிதத்தைப் பற்றி மட்டும் மனுக் கொடுத்துவிட்டு வந்தால் கொழும்பு வழி அப்படியே திறந்திருக்கும்.